அப்பீல் காலம் தாண்டிவிட்டதா? தாமத மனுவைத் தயாரிக்க முழுமையான வழிகாட்டி

சிவில் வழக்கில் தோற்ற பலருக்கு, தீர்ப்பை நிறைவேற்ற வரும் கோர்ட் ஊழியரான அமீனா வீட்டு வாசலுக்கு வந்த பிறகுதான் அப்பீல் நினைவு வருகிறது. கன்னியாகுமரி மாவட்டத்தில் இரணியலானாலும் குழித்துறையானாலும், வக்கீல் அலுவலகத்தில் வழக்குக் கட்டைப் பிரித்து வைத்ததும் கேட்கும் முதல் கேள்வி: "இவ்வளவு நாள் ஆயிப்போச்சே, இனி எடுப்பாவளா?"

எடுக்கலாம். எத்தனை நாள் தாமதம் என்பதைவிட, அந்த நாள்களில் என்ன நடந்தது என்று சொல்ல முடிகிறதா என்பதில்தான் மனு நிற்கும் அல்லது விழும். 1998இல் என். பாலகிருஷ்ணன் எதிர் எம். கிருஷ்ணமூர்த்தி என்ற வழக்கில் 883 நாள் தாமதத்தை உச்ச நீதிமன்றம் மன்னித்தது. 2012இல் லிவிங் மீடியா வழக்கில் தபால் துறையின் 427 நாள் தாமதத்தை மன்னிக்க மறுத்தது. கோப்பு மேசை மேசையாக நகர்ந்தது என்பதைத் தாண்டி அந்தத் துறையிடம் விளக்கம் இல்லை.

கீழே உள்ள வரிசையை மாற்றாதீர்கள். பெரும்பாலானோர் அபிடவிட்டை (பிரமாணப் பத்திரத்தை) முதலில் எழுதிவிட்டு, நாள் கணக்கைக் கடைசியில் போடுகிறார்கள். சிக்கலே அங்கேதான் தொடங்குகிறது.

1. எந்த உத்தரவு, எந்த கோர்ட், எத்தனை நாள்

காலவரையறைச் சட்டம் 1963இன் அட்டவணையில் ஒவ்வொரு வகை உத்தரவுக்கும் தனித்தனிக் காலம் இருக்கிறது. அதைச் சரியாகப் பிடிக்காமல் தாமத நாளை எண்ணவே முடியாது.

கீழ்க்கோர்ட் தீர்ப்பாணையை (வழக்கின் முடிவைச் சொல்லும் டிக்ரியை) எதிர்த்து சார்பு நீதிமன்றத்துக்கோ மாவட்ட நீதிமன்றத்துக்கோ போவதானால் 30 நாள். உயர் நீதிமன்றத்துக்கு 90 நாள். இரண்டாம் மேல்முறையீட்டுக்கும் சீராய்வு (ரிவிஷன்) மனுவுக்கும் இதே 90 தான். அதே கோர்ட்டில் மறு ஆய்வு கேட்க 30 நாள். நீங்கள் போட்ட வழக்கு ஆஜராகாததால் தள்ளுபடியாகியிருந்தால், அதை மீட்க 30 நாள்.

நீங்கள் ஆஜராகாததால் ஒருதலையாக வந்த எக்ஸ்பார்ட்டி தீர்ப்பாணையை ரத்து செய்யக் கேட்கவும் 30 நாள்தான். ஆனால் சம்மன் முறையாகச் சார்வாகவில்லை (உங்களிடம் சேர்ப்பிக்கப்படவில்லை) என்றால், தீர்ப்பாணை பற்றித் தெரியவந்த நாளிலிருந்து அந்த 30 நாள் ஓடும். வழக்கு நடக்கும்போதே கட்சிக்காரர் இறந்துவிட்டால் வாரிசுகளைச் சேர்க்க 90 நாள். அது தவறினால் வழக்கு அற்றுப்போனதை ரத்து செய்யக் கேட்க மேலும் 60 நாள்.

நம் மாவட்டத்தில் நாகர்கோவிலில் மாவட்ட நீதிமன்றம்; நாகர்கோவில், பத்மநாபபுரம், குழித்துறையில் சார்பு நீதிமன்றங்கள். உயர் நீதிமன்றம் என்றால் மதுரைக் கிளை. எந்த மேல்முறையீடு எங்கே என்பது வழக்கின் மதிப்பைப் பொறுத்தது. தவறான கோர்ட்டில் போட்டுத் திரும்பி வந்த நாள்களுக்கும் விளக்கம் எழுத வேண்டிவரும் என்பதால், இதைத் தாக்கல் செய்யும் முன்பே உறுதி செய்துகொள்ளுங்கள்.

தாமதத்தை மன்னிக்கும் அதிகாரம் காலவரையறைச் சட்டத்தின் 5ஆவது பிரிவில் இருக்கிறது. அது மேல்முறையீட்டுக்கும் மனுக்களுக்கும் மட்டும். புதிதாகப் போடும் அசல் வழக்குக்கு அது உதவாது. உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 21ஆவது கட்டளையின்கீழ் வரும் ஈ.பி. (தீர்ப்பாணையை நிறைவேற்றும் நடவடிக்கை) மனுக்களையும் அந்தப் பிரிவே விலக்கி வைத்திருக்கிறது. ஆகவே ஏலத்தை ரத்து செய்யும் 60 நாள் கெடு போன்றவற்றை "அப்புறம் தாமத மனு போட்டுக்கலாம்" என்று விட்டுவிடாதீர்கள்.

2. வேறு எதையும் தொடுமுன் நகல் மனு

காரணங்களைச் சொல்லும் தீர்ப்புரைக்கும் தீர்ப்பாணைக்கும் சேர்த்து அன்றே நகல் மனு போட வேண்டும். அப்பீல் போடுவதா வேண்டாமா என்று வீட்டில் பேசி முடிவெடுக்க ஒரு மாதம் ஆகலாம். நகல் மனுவுக்கு அந்த முடிவு தேவையில்லை.

காரணம் காலவரையறைச் சட்டத்தின் 12ஆவது பிரிவு. நகல் பெறத் தேவைப்பட்ட காலத்தை உங்கள் கணக்கிலிருந்து அது கழித்துவிடுகிறது. ஆனால் மனு போட்டால்தான் அந்தக் கழிவு. தீர்ப்பாணை தயாரிக்க கோர்ட்டே மூன்று வாரம் எடுத்திருந்தாலும், அந்த மூன்று வாரத்தில் நீங்கள் நகல் மனு போடாமல் இருந்திருந்தால் ஒரு நாளும் கழியாது. 30 நாள் முடிந்த பிறகு போட்ட நகல் மனுவாலும் கழிவு கிடைக்காது. அதைத் தாமதத்துக்கான விளக்கமாகச் சொல்லிப் பார்க்கலாம், அவ்வளவுதான்.

நகல் கையில் வந்ததும் கடைசிப் பக்கத்தைத் திருப்புங்கள். அங்கே ஒரு ரப்பர் ஸ்டாம்ப் குத்தி, பேனாவால் தேதிகள் நிரப்பியிருப்பார்கள்: மனு போட்ட நாள், முத்திரைத்தாள் கேட்ட நாள், செலுத்திய நாள், நகல் தயாரான நாள், வழங்கிய நாள். பல நேரம் மை படர்ந்து 1 எது 7 எது என்று தெரியாது. கவுண்டரை விட்டு நகருமுன் படித்துப் பாருங்கள். மங்கலாக இருந்தால் அங்கேயே தெளிவாக எழுதித் தரச் சொல்லுங்கள். உங்கள் முழுக் கணக்கும் அந்த ஸ்டாம்பில்தான் இருக்கிறது.

முத்திரைத்தாள் கேட்டு அறிவிப்புப் பலகையில் போட்ட பிறகு பத்து நாள் கழித்துச் செலுத்தினால், அந்தப் பத்து நாளும் உங்கள் தலையில்தான். நகல் தயாராகி நீங்கள் போய் வாங்காமல் கிடந்த நாள்களும் அப்படியே.

3. தாமத நாளை எண்ணுவது

ஒரு கணக்கைப் போட்டுக் காட்டுகிறேன். தீர்ப்பு நாள் 03.06.2024. அந்த நாளைச் சேர்க்கக் கூடாது. ஜூன் 4 முதல் நாள்; முப்பதாவது நாள் ஜூலை 3.

நகல் மனு ஜூன் 14இல் போடப்பட்டது. முத்திரைத்தாள் கேட்ட அன்றே செலுத்தியாயிற்று. நகல் ஜூலை 4இல் தயாரானது. இரண்டு நாளையும் சேர்த்து 21 நாள். ஜூலை 3உடன் 21ஐக் கூட்டினால் ஜூலை 24. அதுதான் கடைசி நாள். அப்பீல் செப்டம்பர் 30இல் தாக்கலாகிறது என்றால், ஜூலை 25 தொடங்கி எண்ண வேண்டும்: ஜூலையில் 7, ஆகஸ்டில் 31, செப்டம்பரில் 30. தாமதம் 68 நாள்.

இந்த எண்ணை மனு, அபிடவிட், அப்பீல் மெமோ மூன்றிலும் ஒரே மாதிரி எழுதுங்கள். ஒன்றில் 68, இன்னொன்றில் 86 என்று வந்து, அதற்காகவே கட்டு திரும்பி வருவது சாதாரணமாக நடக்கிறது. மனு டைப் ஆன பிறகு தாக்கல் தள்ளிப்போனால் நாளும் கூடும். அதனால் எண்ணைத் தாக்கல் அன்று காலையில் நிரப்புவது பாதுகாப்பு.

கடைசி நாள் மே விடுமுறையிலோ வேறு கோர்ட் விடுமுறையிலோ விழுந்தால், கோர்ட் திறக்கும் நாளில் தாக்கல் செய்தால் தாமதமே இல்லை. திறந்த மறுநாள் போனால் அந்தச் சலுகை போய்விடும். பழைய தீர்ப்பாணைகளுக்கு இன்னொன்றும் பாருங்கள்: கொரோனா காலத்துக்காக 15.03.2020 முதல் 28.02.2022 வரையான காலத்தை உச்ச நீதிமன்றம் காலவரையறைக் கணக்கிலிருந்து விலக்கியிருக்கிறது. அதைக் கழிக்காமல் தாமதத்தைத் தாங்களே இரண்டு வருடம் கூட்டிக் காட்டிய மனுக்களும் உண்டு.

4. தேதிப் பட்டியல்

அபிடவிட்டுக்கு முன்னால் ஒரு வெள்ளைத்தாளை எடுங்கள். இடப்பக்கம் தேதி, நடுவில் என்ன நடந்தது, வலப்பக்கம் அதற்கு என்ன காகிதம் இருக்கிறது. தாமதம் தொடங்கிய நாளிலிருந்து மட்டுமல்லாமல் தீர்ப்பு நாளிலிருந்தே எழுதுங்கள். 30 நாளுக்குள் நீங்கள் செய்த சின்ன முயற்சிகூட அக்கறையைக் காட்டும்.

மேலே சொன்ன 68 நாளையே எடுத்துக்கொள்வோம். ஜூலை 25 முதல் ஆகஸ்ட் 12 வரை தாயார் ஆஸ்பத்திரியில். டிஸ்சார்ஜ் சம்மரி இருக்கிறது. ஆகஸ்ட் 13 முதல் 28 வரை வீட்டில் கவனிப்பு, மறுபரிசோதனைச் சீட்டு இருக்கிறது. ஆகஸ்ட் 29இல் பழைய வக்கீலிடம் கட்டைக் கேட்டது, செப்டம்பர் 6இல் கட்டு கிடைத்தது. செப்டம்பர் 23இல் புது வக்கீலிடம் வக்காலத்து. செப்டம்பர் 30 தாக்கல்.

செப்டம்பர் 7 முதல் 22 வரை என்ன நடந்தது? பட்டியலில் ஒன்றும் இல்லை. எதிர்த்தரப்பு வக்கீல் நேராக அந்த 16 நாளில்தான் கைவைப்பார். தாயாரின் ஆஸ்பத்திரிச் சீட்டு எத்தனை கனமாக இருந்தாலும் அந்த இடைவெளியை அது மறைக்காது.

இப்படி ஓர் இடைவெளி கண்ணில் பட்டால் நிதானமாக யோசித்துப் பாருங்கள். பெரும்பாலும் ஏதோ நடந்திருக்கும், சாதாரணமாகத் தோன்றுவதால் விட்டுப்போயிருக்கும். நம் ஊரில் 1956 நவம்பருக்கு முந்தைய திருவிதாங்கூர் காலப் பத்திரங்கள் மலையாளத்தில் இருக்கின்றன; அதைப் படித்து மொழிபெயர்க்க ஆள் பிடிப்பதிலேயே நாள் போகும். கோர்ட் கட்டணத்துக்கு நகை அடகு வைத்திருக்கலாம். அடகுச் சீட்டில் தேதி இருக்கும். உண்மையிலேயே ஒன்றும் நடக்கவில்லை என்றால், சில நாள் கவனக்குறைவு என்று ஒரே வரியில் ஒப்புக்கொள்வது நல்லது. ஒவ்வொரு நாளுக்கும் விளக்கம் கேட்பதை நூல் பிடித்தாற்போல் பார்க்கக் கூடாது என்று காதிஜி வழக்கில் 1987இலேயே உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. பத்து நாள் பலவீனமாக இருப்பதைப் பொறுக்கும் நீதிபதி, பொய்யைப் பொறுக்கமாட்டார்.

பாகப்பிரிவினை வழக்கானால் இன்னொரு சிக்கல். அப்பீல் போடுவது அண்ணன், தம்பி, தங்கை மூவர். அபிடவிட் போடுவது வளைகுடாவில் இருந்து வந்த அண்ணன். "நான் வெளிநாட்டில் இருந்தேன்" என்கிறார். சரி, மார்த்தாண்டத்தில் இருந்த தம்பி என்ன செய்துகொண்டிருந்தார்? ஒவ்வொருவருக்கும் ஒரு பத்தியாவது எழுதாமல் இந்தக் கேள்வியைக் கடக்க முடியாது. பவர் ஏஜென்ட் வழியாக வழக்கு நடத்தியிருந்தால் ஏஜென்டுக்கு எப்போது தெரியும் என்றும் சொல்ல வேண்டும்.

5. ஆவணங்களைச் சேர்ப்பது

பட்டியலின் வலப்பக்கம் காலியாக உள்ள வரிகளுக்கு இப்போது காகிதம் தேடுங்கள். அபிடவிட்டில் எழுதியதை நிரூபிக்கச் சொன்னால் அன்றைக்கு ஓட முடியாது.

வெளிநாட்டில் இருந்ததற்குப் பாஸ்போர்ட்டின் முத்திரைப் பக்கங்கள். ஆழ்கடல் மீன்பிடிக்குப் போனவர் "கடலில் இருந்தேன்" என்று மட்டும் சொல்லக் கூடாது. தேங்காய்ப்பட்டணத்திலிருந்தோ வெளிமாநிலத் துறைமுகத்திலிருந்தோ எந்தத் தேதி புறப்பட்டார், எப்போது கரை திரும்பினார், கரையில் இருந்த நாள்களில் வக்கீலைப் பார்த்தாரா என்பது வேண்டும். படகு உரிமையாளரிடம் தேதி போட்டு ஒரு கடிதம் வாங்கலாம்.

மருத்துவச் சான்று தனியாக நிற்காது. "60 நாள் ஓய்வு தேவை" என்ற ஒற்றைச் சான்றைவிட, மருந்துச் சீட்டும் லேப் ரிப்போர்ட்டும் பில்லும் கூடுதல் மதிப்புள்ளவை. அதோடு, படுக்கையில் இருந்ததாகச் சொல்லும் நாளில் சார்பதிவாளர் அலுவலகத்தில் பத்திரத்தில் கையெழுத்துப் போட்டிருக்கிறீர்களா, வேறு வழக்கில் ஆஜராகியிருக்கிறீர்களா என்று பாருங்கள். நீங்கள் பார்க்காவிட்டால் எதிர்த்தரப்பு பார்க்கும். இ-கோர்ட்ஸ் செயலியில் 16 இலக்க சி.என்.ஆர். எண்ணைப் போட்டால் வழக்கின் ஒவ்வொரு வாய்தாவும் யாருக்கும் தெரியும்.

எக்ஸ்பார்ட்டி வழக்கில் "அமீனா வந்த அன்றுதான் தெரியும்" என்று எழுதுமுன், அசல் வழக்கின் பி டைரி (ஒவ்வொரு வாய்தாவிலும் நடந்ததைக் கோர்ட் எழுதிவைக்கும் குறிப்பு) நகலையும் ஈ.பி. நோட்டீஸ் சார்வான விவரத்தையும் வாங்கிப் பாருங்கள். எட்டு மாதத்துக்கு முன்பே வீட்டில் யாராவது கையெழுத்துப் போட்டு வாங்கியிருக்கலாம். அப்படியானால் அதை மறைக்காமல், யார் வாங்கினார், ஏன் சொல்லவில்லை என்று விளக்க வேண்டும்.

6. அபிடவிட் எழுதுவது

இப்போதுதான் எழுத உட்கார வேண்டும். பட்டியல் சரியாக இருந்தால் இது அரை நாள் வேலை. தேதி வரிசையில், ஒரு காலத்துக்கு ஒரு பத்தி, அந்தப் பத்தியிலேயே ஆவணத்தின் பெயர்.

இங்கே மஞ்சள் காமாலை பற்றிச் சொல்லியாக வேண்டும். "மஞ்சள் காமாலையால் பாதிக்கப்பட்டு, நாட்டு மருந்து சாப்பிட்டு, படுத்த படுக்கையாக இருந்தேன்" என்ற வரி தமிழ்நாட்டு டைப்பிங் கடைகளில் நிரந்தரமாகச் சேமிக்கப்பட்டிருக்கிறது. நாட்டு மருந்துக்குப் பில் கிடையாது என்பதுதான் அதன் வசதி. நீதிபதிகளும் அதை எத்தனையோ முறை படித்துவிட்டார்கள். உண்மையிலேயே காமாலை வந்தவர் ரத்தப் பரிசோதனை முடிவை இணைத்தே ஆக வேண்டிய நிலைமை!

பழைய வக்கீல் மேல் பழி போடுவது அடுத்த பழக்கம். வக்கீல் தகவல் சொல்லாததால் கட்சிக்காரர் பாதிக்கப்படக் கூடாது என்று தீர்ப்புகள் உண்டு. ஆனால் நீங்கள் அவரிடம் எப்போது கேட்டீர்கள், என்ன பதில் வந்தது, உண்மை தெரிந்த பிறகு என்ன செய்தீர்கள் என்பது வேண்டும். 883 நாள் வழக்கில் ஜெயித்தவர் சும்மா குறை சொல்லவில்லை. தன் வக்கீல் மீது நுகர்வோர் மன்றத்துக்குப் போய் இழப்பீடே வாங்கியிருந்தார். அவ்வளவு தூரம் போக வேண்டாம், கட்டைக் கேட்டு அனுப்பிய பதிவுத் தபாலின் ரசீதாவது இருக்கட்டும்.

"வறுமை" என்ற ஒற்றைச் சொல்லும் போதாது. கோர்ட் கட்டணம் கட்ட வழியில்லாதவர் உரிமையியல் நடைமுறைச் சட்டம் 44ஆவது கட்டளையின்கீழ் வறியவராக மேல்முறையீடு செய்யலாம் என்பதால், அதை ஏன் செய்யவில்லை என்ற கேள்வி வரும். பெண்கள், பட்டியல் இனத்தவர், பழங்குடியினர், மாற்றுத்திறனாளிகள் ஆகியோருக்கு வருமானம் பார்க்காமலே சட்டப்பணிகள் ஆணைக்குழு வழியாக இலவச வக்கீல் கிடைக்கும். நாகர்கோவில் நீதிமன்ற வளாகத்தில் கேட்கலாம்.

அபிடவிட்டில் கையெழுத்துப் போடுமுன் முழுதும் வாசித்துக் கேளுங்கள். குறுக்கு விசாரணை வந்தால் பதில் சொல்ல வேண்டியவர் நீங்கள், டைப் அடித்தவர் இல்லை.

7. அப்பீலுடன் சேர்த்தே தாக்கல்

உரிமையியல் நடைமுறைச் சட்டம் 41ஆவது கட்டளை 3ஏ விதிப்படி, தாமத மனுவும் அபிடவிட்டும் மேல்முறையீட்டோடு சேர்ந்தே வர வேண்டும். "முதலில் அப்பீலைப் போட்டுவைப்போம்" என்பது குறையுள்ள தாக்கல்.

அதே விதியில் இன்னொரு கொக்கி இருக்கிறது. தாமதம் முடிவாகி, மேல்முறையீட்டை விசாரிக்க கோர்ட் தீர்மானிக்கும்வரை தடை உத்தரவு கிடைக்காது. ஈ.பி. ஓடிக்கொண்டிருந்தால் இதுதான் உயிர்நாடி. அவசரத்தைக் காட்டி, தாமத மனுவையே சீக்கிரம் எடுக்கக் கேளுங்கள். அப்பீல் நம்பர் வாங்குவதோ, மனு நிலுவையில் இருப்பதோ அமீனாவை நிறுத்தாது.

8. திரும்பி வந்த கட்டு

புதியவர்கள் அதிகம் சறுக்குவது இங்கே. தாக்கல் செய்த கட்டு, கையெழுத்து இல்லை, நகல் மங்கல், மதிப்பு பொருந்தவில்லை என்று ஏதோ ஒரு குறிப்போடு திரும்பும். சரிசெய்து மறுதாக்கல் செய்ய நாள் குறித்திருப்பார்கள். தாக்கல் செய்துவிட்டோம் என்ற நிம்மதியில் கட்சிக்காரர் ஊருக்குப் போய்விடுவார். கட்டு அலுவலக அலமாரியில் மாதக்கணக்கில் கிடக்கும்.

மறுதாக்கல் தாமதம் தனிக் கணக்கு. அதற்குத் தனி மனு, தனி அபிடவிட், தனி விளக்கம். முதல் 68 நாளை அழகாக விளக்கிவிட்டு, மறுதாக்கலில் 200 நாளைக் காணாமல் போக்கினால் முதல் விளக்கத்தின் மேலேயே நம்பிக்கை போய்விடும். தாக்கலான மறுவாரமே குமஸ்தாவிடம் "நம்பர் ஆயாச்சா, ரிட்டனா?" என்று கேளுங்கள். ரிட்டன் என்றால் குறிப்பை போனில் படம் பிடித்து வாங்கிக்கொள்ளுங்கள்.

9. விசாரணையும் உத்தரவும்

எதிர்த்தரப்புக்கு நோட்டீஸ் போகும், எதிருரை வரும். நீங்கள் எதிர்த்தரப்பாக இருந்தால் செய்ய வேண்டியதும் இதே தேதிப் பட்டியல்தான்: அபிடவிட்டின் தேதிகளை வரிசையாக எழுதி, காலியான இடங்களை மட்டும் எதிருரையில் வையுங்கள். தீர்ப்பாணையை நம்பி இதற்குள் நீங்கள் வீடு கட்டியிருந்தாலோ சொத்து கைமாறியிருந்தாலோ அதையும் சொல்லுங்கள். நீங்கள் ஆட்சேபிக்காவிட்டாலும் காலவரையறையைக் கவனிப்பது கோர்ட்டின் கடமை என்று காலவரையறைச் சட்டத்தின் 3ஆவது பிரிவு சொல்கிறது. அதனால் எதிர்த்தரப்பு வராது என்ற தைரியத்தில் மனுதாரர் தளர்ந்துவிடக் கூடாது.

மனு செலவுத்தொகையுடன் அனுமதிக்கப்பட்டால், தொகையையும் கெடு தேதியையும் அன்றே எழுதிக்கொள்ளுங்கள். "இன்ன தேதிக்குள் செலுத்தாவிட்டால் மனு தள்ளுபடி" என்று உத்தரவில் இருந்தால், சில ஆயிரம் ரூபாயைக் கட்ட மறந்து மொத்த அப்பீலையும் இழப்பீர்கள். எதிர்த்தரப்பு வக்கீல் பணத்தை வாங்க மறுத்தால், கெடுவுக்குள் கோர்ட்டில் கட்ட அனுமதி கேளுங்கள்.

தள்ளுபடியானால் மதுரைக் கிளைக்குப் போகலாம். எந்த வகை மனு என்பது உத்தரவு எப்படி அமைந்திருக்கிறது என்பதைப் பொறுத்தது. எதுவானாலும் 90 நாள். தள்ளுபடி உத்தரவு வந்த அன்றே அதற்கும் நகல் மனு போடுங்கள்.